திரும்பிப் பார்க்கக் கூடாது என்றால் கேமரா எங்கே நிற்பது? கிரேக்கப் பாதாளமும் பரிசோதனைக் குறும்படமும்

கிரேக்கப் பாதாள உலகை வைத்துப் பரிசோதனைக் குறும்படம் எடுக்கக் கிளம்புகிறவர்கள் பலர் முதல் நாளே விளக்கின் முன்னால் சிவப்பு ஜெல் தாளைக் கட்டிவிடுகிறார்கள். தீயும் அலறலும் கொம்பு முளைத்த காவலர்களும் அதன் பின்னாலேயே வந்துவிடும். அந்தப் படிமம் பிற்காலத்துக் கிறித்தவ நரகத்தைச் சேர்ந்தது. கிரேக்கக் கவிஞர் ஹோமர் பாடும் பாதாளமான ஹேடீஸில் இருட்டும் ஈரமும் மூடுபனியும்தான் இருக்கின்றன. ஃப்ளெகெதோன் என்ற நெருப்பாறு ஒன்று உண்டு என்பது உண்மைதான். ஆனால் அங்கே ஓடும் ஐந்து ஆறுகளில் அது ஒன்று மட்டுமே.

தமிழில் யோசிக்கும்போது இன்னொரு சறுக்கலும் சேர்ந்துகொள்கிறது. 'நரகம்' அல்லது 'எமலோகம்' என்று எழுதிய கணமே தீர்ப்பும் தண்டனையும் திரைக்கதைக்குள் வந்து உட்கார்ந்துகொள்கின்றன. ஹேடீஸ் அப்படிப்பட்ட இடமல்ல. நல்லவர், கெட்டவர், அரசர், அடிமை எல்லாரும் போய்ச் சேரும் பொது இடம் அது. அதை ஆளும் கடவுளுக்கும் அதே பெயர்தான். தண்டனை அனுபவிப்பவர்கள் சிசிஃபஸ், டான்டலஸ் போன்ற ஒருசிலரே. மற்றவர்களுக்கு நேர்ந்திருப்பது இழப்பு. உடம்பு இல்லை, வலு இல்லை, பலருக்கு நினைவும் இல்லை. போரில் புகழ் பெற்ற அகிலீஸே, இறந்தவர்களுக்கெல்லாம் அரசனாக இருப்பதைவிட நிலமற்ற ஏழை ஒருவனிடம் கூலிக்கு உழைப்பதே மேல் என்று, உயிரோடு அங்கே வந்த வீரன் ஒடிசியஸிடம் சொல்கிறான்.

ஆகவே ஐந்து, பத்து நிமிடப் படத்துக்கு இந்தப் புராணத்தின் கதையை எடுப்பதைவிட அதன் விதிகளில் ஒன்றை எடுப்பது பலன் தரும். இந்த உலகம் விதிகளால் கட்டப்பட்டது: திரும்பிப் பார்க்காதே, அங்கே எதையும் உண்ணாதே, படகுக்குக் காசு கொடு, இரத்தம் குடித்தால்தான் பேச முடியும். ஒவ்வொரு விதியும் கேமராவுக்கோ ஒலிக்கோ படத்தொகுப்புக்கோ இடும் கட்டளையாக மாறக்கூடியது. கதையை மட்டும் எடுத்தால் பத்து நிமிடத்தில் அது சுருக்கமாகிவிடும். விதியை எடுத்தால் படத்தின் வடிவம் கையில் கிடைத்துவிடும்.

பாடகன் ஆர்ஃபியஸை வைத்தே பார்ப்போம். மனைவி யூரிடிசி பாம்பு கடித்து இறக்கிறாள். அவன் பாதாளத்தில் பாடி அவளை மீட்கிறான். மேலே வந்து சேரும்வரை அவன் திரும்பிப் பார்க்கக் கூடாது. இதைப் படமாக்குபவர் வழக்கமான இலக்கணப்படி அவன் முகத்துக்கு ஒரு ஷாட், பின்னால் வரும் அவளுக்கு ஒரு ஷாட் என்று மாற்றி மாற்றி வைத்தால் படம் அங்கேயே தோற்றுவிடுகிறது. அவன் திரும்பும் முன்பே கேமரா திரும்பிவிட்டது. அவள் வருகிறாளா என்ற சந்தேகம்தான் இந்தக் கதையின் முழு இழுவிசை. பார்வையாளர் அவளைப் பார்த்துவிட்டால் சந்தேகப்பட அவருக்கு எதுவும் மிஞ்சாது. எனவே கேமரா ஒன்று அவனுக்கு முன்னால், அவன் முகத்தை மட்டும் நிரப்பிக்கொண்டு, பின்னணி முழுக் கருப்பாகப் பின்வாங்க வேண்டும். அல்லது அவன் பார்க்கும் திசையையே பார்க்க வேண்டும். வேறு கோணம் கிடையாது.

அப்படியானால் அவள் படத்தில் எப்படி இருப்பாள்? காலடி ஓசையாக. ரோமக் கவிஞர் ஓவிட் ஒரு நுண்விவரம் தருகிறார்: பாதாளத்தில் அழைக்கப்பட்டபோது அவள் காயத்தால் மெதுவாக நடந்து வந்தாள். பாம்பு கடித்த கால். அதனால் ஃபோலி எனப்படும் தனி ஓசைப் பதிவில் இரண்டு காலடிகளும் ஒரே மாதிரி இருக்கக் கூடாது. ஒன்று அழுத்தமாக விழ வேண்டும், மற்றது இழுபட வேண்டும். ஆர்ஃபியஸின் சீரான நடைக்கு நடுவே அந்தச் சீரற்ற ஓசை கேட்டால் வசனமே தேவைப்படாது. இரண்டு காலடிகளையும் தனித்தனி டிராக்கில் பதிவு செய்வது முக்கியம். அவள் ஓசையை மட்டும் நிமிடத்துக்கு நிமிடம் குறைத்துக்கொண்டே போய், திரும்புவதற்குச் சற்று முன் முற்றிலும் நிறுத்திவிடலாம். அவன் ஏன் திரும்பினான் என்பதற்கு அந்த மௌனமே காரணமாகிவிடும்.

திரும்பிய பிறகு அவள் முகம் எவ்வளவு நேரம் திரையில் இருக்க வேண்டும்? விநாடிக்கு 24 ஃப்ரேம் என்ற கணக்கில் 4 ஃப்ரேம் வைத்தால் ஏதோ மின்னியது போலத் தோன்றும், முகம் பதியாது. 48 ஃப்ரேம், அதாவது 2 விநாடி வைத்தால் அது சந்திப்பாகிவிடும். 10 முதல் 14 ஃப்ரேம் வரை சரியாக இருக்கும். அடையாளம் தெரியும், போதாது என்றும் தோன்றும். இன்னொரு ரோமக் கவிஞரான வர்ஜிலின் வடிவத்தில் அவள் சில வரிகள் பேசிவிட்டுப் புகை காற்றில் கரைவது போல மறைகிறாள். ஓவிடில் ஒரே ஒரு விடைச்சொல், அதுவும் அவன் காதில் சரியாக விழவில்லை. குறும்படத்துக்கு ஓவிடின் வழிதான் பொருந்தும்.

அவள் பின்னோக்கி இழுக்கப்படுவதை ரிவர்ஸில் எடுக்கலாம். நடிகை கேமராவை நோக்கி முன்னால் நடந்து வருவாள், தொகுப்பில் அதைத் தலைகீழாக ஓட்டுவார்கள். நடை ஏறத்தாழ நம்பும்படி இருக்கும். காட்டிக்கொடுப்பவை துணியும் கூந்தலும் புகையும்தான். உடம்பு அசையும் முன்பே துணி அசையும், பரவிய புகை ஓரிடத்தில் வந்து குவியும். இதைத் தவறு என்று மறைக்காமல் வேண்டுமென்றே வைத்துக்கொண்டால், இறந்தவர்களின் உலகில் காலம் வேறு திசையில் ஓடுகிறது என்பதை ஒரு வார்த்தையில்லாமல் சொல்லிவிடலாம். சாதாரண நடைதான் வேண்டும் என்றால் இறுக்கமான ஆடை, கட்டிய கூந்தல், புகையில்லாத செட் என்று முன்கூட்டியே முடிவு செய்ய வேண்டும்.

நிழல்களுக்கு உடம்பு எங்கே?

ஹோமரின் ஒடிசி காவியத்தின் 11-ஆம் பகுதியில் வரும் சடங்கு படமெடுக்கப் பிறந்தது போன்றது. ஒடிசியஸ் வாளால் நீளமும் அகலமும் ஒரு முழம் கொண்ட குழி தோண்டுகிறான். முதலில் பாலும் தேனும் கலந்த பானம், அடுத்து இனிய மது, மூன்றாவதாகத் தண்ணீர், மேலே பார்லி மாவு. பிறகு ஆடுகளின் இரத்தம். நிழல்கள், அதாவது இறந்தவர்களின் ஆவிகள், மொய்த்துக்கொண்டு வருகின்றன. தாய் அன்டிக்லியா வந்து உட்கார்கிறாள். ஆனால் இரத்தத்தைக் குடிக்கும்வரை மகனை அவளுக்குத் தெரியவில்லை, பேசவும் இல்லை. குடித்ததும் அடையாளம் காண்கிறாள். அவன் மூன்று முறை அணைக்கப் போகிறான். மூன்று முறையும் நிழல் போல, கனவு போலக் கைகளிலிருந்து நழுவுகிறாள்.

இதில் ஒலிக்கும் ஃபோகஸுக்கும் நேரடிக் கட்டளை இருக்கிறது. குடிக்கும் முன் தாய் ஃபோகஸுக்கு வெளியே, ஒலியில்லாமல். குடித்த பின் கூர்மையாக, மூச்சொலியுடன். கலப்பு வண்ணங்களோ கணினி வேலைப்பாடோ தேவையில்லை.

அணைப்பு நழுவுவதைக் காட்ட இரண்டு பழைய வழிகள் இன்றும் போதுமானவை. முதலாவது, இரண்டு எடுப்புகளை ஒன்றன்மேல் ஒன்றாகப் பதிக்கும் டபுள் எக்ஸ்போஷர். நிழலாக நடிப்பவரைக் கருப்பு வெல்வெட் துணிக்கு முன்னால், துணியிலிருந்து குறைந்தது 3 மீட்டர் தள்ளி நிறுத்தி, பக்கவாட்டு ஒளியில் மட்டும் எடுக்க வேண்டும். தொகுப்பில் 'ஸ்கிரீன்' கலப்பு முறையில் இதை மற்ற காட்சியின் மேல் வைத்தால் கருப்பு மறைந்து, ஒளிபட்ட உருவம் மட்டும் நிற்கும். கருங்கூந்தலும் பின்னணியோடு சேர்ந்து மறைந்துவிடும் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள், கடைசியில் மொட்டை முகம் ஒன்று மிதக்கும். தலைக்குப் பின்னாலிருந்து விளிம்பு ஒளி ஒன்று வைத்தால் சரியாகும். இரண்டு எடுப்பிலும் கேமராவின் உயரம், லென்ஸ், ஃபோகஸ், ஒயிட் பேலன்ஸ் எதுவும் மாறக் கூடாது, எல்லாம் மேனுவலில் பூட்டியிருக்க வேண்டும். ஃபிலிமில் ஒரே சுருளை இரண்டு முறை ஓட்டி எடுப்பதானால், இரண்டு காட்சிகளுமே வெளிச்சமாக இருக்கும்போது ஒவ்வொன்றையும் ஒரு ஸ்டாப், அதாவது பாதி ஒளி, குறைத்து எடுக்க வேண்டும். ஒன்று கருப்புப் பின்னணியாக இருந்தால் குறைக்க வேண்டாம்.

இரண்டாவது வழி 1862-இல் லண்டன் மேடையில் பிரபலமான பெப்பர்ஸ் கோஸ்ட். கேமராவுக்கு முன்னால் பெரிய கண்ணாடியை 45 டிகிரியில் நிறுத்த வேண்டும். நிழலாக நடிப்பவர் பக்கவாட்டில், கருப்புத் துணி சூழ்ந்த இடத்தில் நிற்பார். அவருடைய பிம்பம் கண்ணாடியில் விழுந்து, மற்ற நடிகருக்குப் பக்கத்தில் நிற்பது போலத் தெரியும். சாதாரணக் கண்ணாடி தன்மேல் விழும் ஒளியில் ஏறத்தாழப் பத்தில் ஒரு பங்கைத்தான் பிரதிபலிக்கும். ஆகவே இருவரும் சம வெளிச்சத்தில் தெரிய வேண்டுமானால் நிழலின் மேல் மூன்று ஸ்டாப்புக்கும் சற்று அதிகமான ஒளி வேண்டும். நிழல் மங்கலாக இருப்பதே நல்லது, இரண்டு ஸ்டாப் கூடுதலே போதும். கண்ணாடியிலிருந்து நடிகர் எவ்வளவு தள்ளி நிற்கிறாரோ, பிம்பம் கண்ணாடிக்குப் பின்னால் அதே தூரத்தில் தெரியும். இந்த அளவு பிசகினால் ஃபோகஸ் ஒருவர்மேல் மட்டும் நிற்கும். தடித்த கண்ணாடியின் இரு முகங்களும் பிரதிபலிப்பதால் உருவம் இரட்டைக் கோடாகத் தெரியும். மெல்லிய கண்ணாடி வேண்டும். அக்ரிலிக் தகடு வளைந்தால் முகம் கோணும்.

ஒடிசியஸாக நடிப்பவருக்கு எதிரே ஒன்றுமே தெரியாது. தரையில் டேப் ஒட்டி, கை எங்கே மூட வேண்டும் என்று எண்ணிக்கை வைத்துப் பழக வேண்டும். இந்த முறையை டிஜிட்டல் கலப்பைவிட உயர்வாகச் சொல்ல அதுவே காரணம். வெறும் காற்றை உண்மையாகவே அணைக்கும் மனிதனின் கைகள் வேறு மாதிரி மூடும்.

கரு நீர்

ஆறு என்றதும் உண்மையான ஆற்றைத் தேடிப் போக வேண்டியதில்லை. 1.2 மீட்டர் அகலமும் 2.4 மீட்டர் நீளமும் கொண்ட மரச்சட்டத்தில் கருப்பு பிளாஸ்டிக் விரிப்பைப் பரப்பி 2 செ.மீ. தண்ணீர் விட்டால், சுமார் 58 லிட்டரில் பாதாள ஆறான அடியற்ற ஸ்டிக்ஸ் கிடைத்துவிடும். கேமரா நீர்மட்டத்துக்கு மேல் ஒரு சாண் உயரத்தில் இருக்க வேண்டும். தண்ணீரின் மேல் விளக்கு அடித்தால் விரிப்பின் சுருக்கங்கள்தான் தெரியும். தண்ணீருக்கு ஒளி கொடுக்கக் கூடாது, தண்ணீர் எதைப் பிரதிபலிக்கிறதோ அதற்குக் கொடுக்க வேண்டும். நீருக்கு அப்பால் தொங்கும் வெள்ளைத் துணியோ நடிகரின் முகமோ ஒளியூட்டப்பட்டால் நீர் தானாக உயிர்பெறும். மேற்பரப்பில் தூசிப்படலம் சேரும். ஒவ்வொரு டேக்குக்கு முன்பும் செய்தித்தாளைப் படுக்கவைத்து மெல்ல இழுத்தால் அது அகலும். மின்கம்பிகள் தரையில் கிடக்கக் கூடாது, மின்கசிவைத் துண்டிக்கும் சாதனம் இல்லாமல் இந்த வேலையைத் தொடங்கவும் கூடாது.

இறந்தவர்களை ஆற்றைக் கடத்தும் படகோட்டி கேரோனின் படகைச் சிறு மாதிரியாகச் செய்தால் ஒரு கணக்கு இருக்கிறது. மாதிரி எத்தனை மடங்கு சிறியதோ அதன் வர்க்கமூலத்தால் ஃப்ரேம் வேகத்தைப் பெருக்க வேண்டும். நான்கில் ஒரு பங்கு அளவுள்ள படகுக்கு 48 ஃப்ரேம், பதினாறில் ஒரு பங்குக்கு 96. வேகம் இரட்டிக்கும்போதெல்லாம் ஒரு ஸ்டாப் ஒளி குறையும். கணக்கு சரியாக இருந்தாலும் நீர்த்துளி காட்டிக்கொடுத்துவிடும், ஏனென்றால் துளி சிறிதாவதில்லை. துடுப்பு நீரைத் தெறிக்கவிடாமல் கத்தி போல நுழைய வேண்டும்.

கேரோன் ஹோமரில் இல்லை என்பதையும் நினைவில் வைத்துக்கொள்ளலாம். கி.மு. 5-ஆம் நூற்றாண்டு ஆதென்ஸில், கல்லறைக்கு வைத்த வெள்ளைப் பூச்சு எண்ணெய்க் குடங்களில் அவன் அடிக்கடி வரையப்பட்டிருக்கிறான். வெள்ளைப் பரப்பில் மெல்லிய கோடுகள், ஓரிரு வண்ணத் தீற்றல்கள், சுற்றிலும் வெறுமை. கிரேக்கர்களே மரணத்தை வெள்ளைப் பின்னணியில் வரைந்திருக்கும்போது, பாதாளம் என்றால் இருட்டு செட் என்ற பிடிவாதம் எதற்கு? வெள்ளைத் துணி, மிகை ஒளி, கரைந்துபோகும் விளிம்புகள் என்று ஒரு படத்தைத் தாராளமாக எடுக்கலாம்.

கண்ணாடிக்குள் கை நுழையும் படிமத்தைப் பிரெஞ்சு இயக்குநர் ஜான் கோக்தோ 1950-இல் எடுத்த ஆர்ஃபியஸ் படம் நிலைநாட்டியது. அதற்குத் தொட்டியில் பாதரசம் நிரப்பினார்கள். பாதரச ஆவி நஞ்சு, இன்று அதை யாரும் செய்யக் கூடாது. கருஞ்சாயம் கலந்த தண்ணீரைப் பக்கவாட்டிலிருந்து எடுத்து, படத்தை 90 டிகிரி திருப்பினால் நீர்ப்பரப்பு சுவராகிவிடும். கை உள்ளே போகும்வரைதான் இந்த வித்தை செல்லும். வெளியே எடுத்ததும் துளிகள் பக்கவாட்டில் விழுந்து உண்மை வெளிப்படும்.

பாதாளத்தின் வாயுவும் செட்டில் இருக்கும் வாயுவும்

இன்றைய துருக்கியில் பாமுக்கலேயை அடுத்துள்ள ஹியராபொலிஸில், ஹேடீஸின் வாயில் என்று மக்கள் நம்பிய குகை இருந்தது. உள்ளே கொண்டுபோன காளைகள் செத்து விழுந்ததையும், தான் எறிந்த சிட்டுக்குருவிகள் உடனே இறந்ததையும் பண்டைய கிரேக்கப் புவியியலாளர் ஸ்ட்ராபோ எழுதி வைத்திருக்கிறார். நிலத்தடியிலிருந்து கசியும் கார்பன் டை ஆக்ஸைடுதான் காரணம். அது காற்றைவிட ஏறத்தாழ ஒன்றரை மடங்கு அடர்த்தி. தரையோடு தேங்கும். தலையைத் தாழ்த்தி நிற்கும் விலங்கு சாகும், நிமிர்ந்து நிற்கும் பூசாரி பிழைப்பார்.

தரையில் தவழும் மூடுபனிக்காகப் படப்பிடிப்பில் சுடுநீரில் போடும் உலர்பனியான ட்ரை ஐஸும் அதே கார்பன் டை ஆக்ஸைடுதான். ஒரு கிலோ ஆவியானால் அறை வெப்பத்தில் 540 லிட்டர் வாயு. 4 மீட்டர் அகலம், 5 மீட்டர் நீளம், 3 மீட்டர் உயரமுள்ள மூடிய அறையில் 3 கிலோ போட்டால் சுமார் 1,600 லிட்டர். அறை முழுக்கச் சமமாகக் கலந்தாலே 2.7 சதவீதம் வரும். எட்டு மணி நேர வேலைக்குப் பொதுவாக அனுமதிக்கும் சராசரி 0.5 சதவீதம். ஆனால் வாயு சமமாகக் கலப்பதில்லை. அரை மீட்டர் உயரத்துக்குத் தேங்கினால் அங்கே 16 சதவீதம் ஆகிவிடும். 10 சதவீதத்தைத் தாண்டினாலே சில நிமிடங்களில் நினைவு தப்பும். பாதாளப் படங்களில் நடிகர் எங்கே இருப்பார்? தரையில், பிணமாக, மூடுபனிக்குள் படுத்திருப்பார். கேமராவுக்குப் பின்னால் நிற்கும் எவருக்கும் எந்த அறிகுறியும் தெரியாது. அசையாமல் கிடப்பதுதான் அவருடைய நடிப்பு என்பதால், மயங்கினாலும் யாரும் கவனிக்க மாட்டார்கள்.

படுத்திருக்கும் நடிகர் இருக்கும் காட்சியில் ட்ரை ஐஸைத் தவிர்ப்பதே சரி. சாதாரணப் புகை இயந்திரத்தின் வாயைப் பனிக்கட்டி நிரப்பிய பெட்டி வழியாகச் செலுத்தினால், குளிர்ந்த புகை சிறிது நேரம் தாழ்வாகவே ஓடும். ட்ரை ஐஸ்தான் வேண்டும் என்றால் நின்றிருக்கும் நடிகர்கள், திறந்த கதவுகள், தரைமட்டத்தில் வாயுமானி, குறுகிய டேக்குகள். அதன் வெப்பநிலை மைனஸ் 78.5 டிகிரி செல்சியஸ், வெறுங்கையால் தொடக் கூடாது. இறுக மூடிய பாத்திரத்தில் வைத்தால் அது வெடிக்கும்.

நிறம், குரல், சுழற்சி

கிரேக்கத்தின் டெல்ஃபியில் பண்டைய ஓவியர் பொலிக்னோடஸ் வரைந்த பாதாள ஓவியம் அழிந்துவிட்டது. பண்டைய பயண எழுத்தாளர் பாசானியஸ் எழுதிய விவரிப்பு மட்டும் எஞ்சியிருக்கிறது. அதில் பிணங்களின் தசையைத் தின்னும் யூரினோமஸ் என்ற பேயின் நிறத்தைக் கருப்புக்கும் நீலத்துக்கும் இடைப்பட்டது, இறைச்சியில் மொய்க்கும் ஈயின் நிறம் என்கிறார். படத்தின் நிறத்தைச் சீர்செய்யும் கலரிஸ்டுக்கு இதைவிடத் துல்லியமான குறிப்பு கிடைக்காது. நிழல் பகுதிகளில் நீலத்தைச் சற்று ஏற்றி, அதில் பச்சையின் சாயல் கொஞ்சம் கலந்து, தோலின் சிவப்பை இறக்கினால் அந்த ஈ நிறத்துக்கு அருகில் வரலாம்.

அதே ஓவியத்தில் ஓக்னஸ் என்பவன் கயிறு திரித்துக்கொண்டே இருக்கிறான். அவன் திரிக்கத் திரிக்கப் பக்கத்தில் நிற்கும் கழுதை தின்றுகொண்டே இருக்கிறது. சிசிஃபஸ் முடிவில்லாமல் உருட்டும் பாறையை எல்லாரும் எடுத்துவிட்டார்கள், இதை எடுத்தவர் குறைவு. இது முடிவேயில்லாத லூப். முதல் ஃப்ரேமும் கடைசி ஃப்ரேமும் ஒன்றாக இருந்தால் காட்சிக்கூடத்தில் நாள் முழுக்க ஓட்டலாம். சூரிய ஒளியில் எடுத்தால் நிழல் நகர்ந்து இணைப்பு தெரிந்துவிடும் என்பதால் செயற்கை ஒளி மட்டும். கைகளின் ஒரு சுற்று முடியும் இடத்தில் கட் செய்ய வேண்டும். ஒலியின் இணைப்பு அதே இடத்தில் வரக் கூடாது, சில விநாடிகள் தள்ளி இருந்தால் காதும் கண்ணும் ஒரே நேரத்தில் இணைப்பைக் கண்டுபிடிக்காது.

நிழல்களின் குரலுக்கும் குறிப்பு உண்டு. ஒடிசியின் கடைசிப் பகுதியில், கொல்லப்பட்டவர்களின் ஆவிகள் குகையில் வௌவால்கள் போலக் கீச்சிட்டுக்கொண்டு போகின்றன. நடிகரை மெதுவாக, கிசுகிசுப்பாகப் பேசவைத்து மூன்று மடங்கு வேகத்தில் ஓட்டினால் சுருதி சுமார் 19 அரைச்சுரம் உயர்ந்து அந்தக் கீச்சொலிக்கு அருகில் வரும். சொற்கள் புரியாது, ஆனால் யாரோ பேசுகிறார்கள் என்பது தெரியும். எதிரொலியை முன்கூட்டி வரவைக்கும் வித்தையும் இங்கே பொருந்தும்: குரலைத் தலைகீழாக்கி, ரிவெர்ப் (செயற்கை எதிரொலி) சேர்த்து, அதைப் புது டிராக்காகப் பதிவு செய்து மீண்டும் தலைகீழாக்க வேண்டும். சொல் பிறக்கும் முன்பே அதன் எதிரொலி எழுந்து வரும். படம் முழுக்க இதைப் போட்டால் பேய்ப்படமாகிவிடும். ஓரிடம் போதும்.

முடிவுக்கு என்ன செய்வது என்று தவிப்பவர்களுக்கு ஒரு தங்கத் தகடு இருக்கிறது. தெற்கு இத்தாலியில் பழைய ஹிப்போனியன் நகரில், ஒரு பெண்ணின் கல்லறையில் கிடைத்தது, சுமார் கி.மு. 400-ஐச் சேர்ந்தது. இறந்தவளுக்கு வழி சொல்லும் குறிப்பு அது. வலப்பக்கம் ஓர் ஊற்று, அதனருகே வெள்ளைச் சைப்ரஸ் மரம், அந்த ஊற்றை நெருங்காதே. இன்னும் அப்பால் நினைவு ஏரியிலிருந்து குளிர்ந்த நீர் பாய்கிறது, காவலர்கள் கேட்பார்கள், நான் பூமிக்கும் விண்மீன் வானத்துக்கும் பிறந்த குழந்தை, தாகத்தால் வறண்டு சாகிறேன் என்று சொல். முழுக்க 'நீ' என்று விளிக்கும் பேச்சு. இதைப் பின்னணிக் குரலாக்கும்போது மைக்கிலிருந்து 10 செ.மீ. தூரத்தில், ரிவெர்ப் துளியும் இல்லாமல், காதுக்குள் சொல்வது போலப் பதிவு செய்ய வேண்டும். திரையில் இரண்டு நீர்நிலைகளும் ஒரே தொட்டியில் ஒரே ஒளியில் எடுத்தவையாக, வேறுபாடே தெரியாதவையாக இருக்கட்டும். கை குவிந்து நீரை அள்ளுகிறது, உதட்டருகே வருகிறது. அங்கே படத்தைக் கருப்பாக்கி, விழுங்கும் ஓசையை மட்டும் விடலாம்.